கேட் பதிவேட்டில் இல்லாதது

ஜூன் 9, திங்கள்

பள்ளிக்கூடத்துக்கு மாதம் ஒரு முறை வரும் கவுன்சலிங் மேடம் இந்த நோட்டைப் போடச் சொன்னார். "தினமும் எழுதணும்னு இல்லம்மா. பிள்ளை என்ன செய்யுறா, அப்ப வீட்ல என்ன நடந்துச்சு, அத மட்டும் தேதி போட்டு எழுதுங்க. அடுத்த தடவை நான் பாக்குறேன்" என்றார். சரி என்று சொல்லிவிட்டு வந்தேன்.

என் பெயர் முப்பிடாதி. வயது முப்பத்தெட்டு. ரயில்வே கேட் கீப்பர். காலை எட்டு மணியிலிருந்து இரவு எட்டு வரை டூட்டி. அதற்குப் பிறகு செல்வின் வருவான். என் வீட்டுக்காரர் கொம்பையா தண்டவாள வேலையில் இருந்தார். ஐந்து வருடத்துக்கு முன் வேலையில் இருக்கும்போதே வண்டி அடித்து இறந்துபோனார். அவருக்குப் பதிலாக எனக்கு இந்த வேலை கிடைத்தது. ஒரே மகள் சிந்துஜா. பதிமூன்று வயது, எட்டாம் வகுப்பு.

இன்று என்னைப் பள்ளிக்கூடத்துக்குக் கூப்பிட்ட காரணம்: அவள் வகுப்பில் படிக்கும் அனுசியா மாடிப்படியில் விழுந்து முன்பல் உடைந்துவிட்டது. சிந்துஜா தள்ளிவிட்டாள் என்று அனுசியா சொல்கிறாள். கூட நின்ற இரண்டு பிள்ளைகளும் அதையே சொல்கின்றன. சிந்துஜா இல்லை என்கிறாள். ஹெச்.எம். டீச்சர், "உங்க பிள்ள ஒரு சொட்டுக் கண்ணீராவது விடலாம்லா" என்றார். அழாத பிள்ளை பொய் சொல்கிறது என்று அர்த்தமா? கீழே விழுகிற பிள்ளைகள் எல்லாப் பள்ளிக்கூடத்திலும் விழுகின்றன.

ஜூன் 10, செவ்வாய்

ஒன்றும் இல்லை. மாவு புளித்துவிட்டது. தோசையாக ஊற்றினேன்.

ஜூன் 14, சனி

இடது முன்கையில் சுடுதண்ணீர் கொட்டிவிட்டது. என் கவனக்குறைவு. களிம்பு போட்டிருக்கிறேன். கொடி பிடிக்க வலது கை போதும். சிந்துஜா பக்கத்தில்தான் நின்றாள். பயந்துவிட்டாள் போல.

கத்தரிக்கோல், அரிவாள்மனை, மண்ணெண்ணெய்க் கேன் மூன்றையும் கேட் ரூமில் கொண்டுபோய் வைத்தேன். வீட்டில் இடம் போதவில்லை. காய்கறியைக் கேட்டிலேயே நறுக்கிக்கொண்டு வந்துவிடலாம்.

ஜூன் 20, வெள்ளி

பள்ளிக்கூடம் விட்டதும் சிந்துஜா என்னோடு கேட் ரூமில்தான் இருப்பாள். வெளியாள் யாரும் உள்ளே இருக்கக் கூடாது என்பது சட்டம். எட்டு மணி வரை அவளை வேறு எங்கே விடுவது?

வண்டி நேரம் எல்லாம் அவளுக்கு மனப்பாடம். இன்று தண்டவாளத்தில் காதை வைத்துவிட்டு வந்து, "சரக்கு வண்டி, நாப்பத்திரண்டு பெட்டி" என்றாள். வண்டி போகும்போது எண்ணினால், கடைசியில் வரும் கார்டு பெட்டியோடு நாற்பத்து மூன்று. "கார்டு பெட்டிய நான் சேக்கல" என்றாள். மாலையில் எனக்குத் தலை வாரிப் பின்னிவிட்டாள். கை மெதுவாக இருந்தது. ரொம்ப நாளைக்குப் பிறகு அரைக் கண் மூடி உட்கார்ந்திருந்தேன்.

கணக்கில் நூற்றுக்கு நூறு. இதையும் மேடம் பார்க்க வேண்டும்.

ஜூலை 3, வியாழன்

தினமும் லைன் நடந்து ஆணிகளைச் சரிபார்க்கும் கீமேன் ஆறுமுகநயினார் அண்ணாச்சி கேட்டில் தண்ணீர் குடிக்க நின்றார். வீட்டுக்காரரோடு வேலை பார்த்தவர். "வளைவுல தண்டவாளம் மேல வெள்ளையா மாவு மாதிரி கெடக்கும்மா. ஜல்லிய வச்சு வண்டியேத்தியிருக்கானுவ. ஆட்டுக்காரப் பயலுவ வேலையாத்தான் இருக்கும்" என்றார்.

"அப்படித்தான் இருக்கும் அண்ணாச்சி" என்றேன்.

ஜூலை 8, செவ்வாய்

நான்கு மணிக்கு வளைவு வரை நடந்து பார்த்தேன். வலதுபக்கத் தண்டவாளத்தின் மேல் ஏழு கற்கள். சிறியதில் ஆரம்பித்துப் பெரியது வரை, ஒரே அளவு இடைவெளி விட்டு. கடைசிக் கல் என் இரண்டு கையிலும் அடங்கவில்லை. எல்லாவற்றையும் எடுத்து ஓடைப் பக்கம் எறிந்தேன். அதற்குப் பிறகுதான் நாலரை மணி பாசஞ்சர் வந்தது. ஒன்றும் ஆகவில்லை என்பதால் பதிவேட்டில் எழுதவில்லை.

"எந்த வழியா வந்த?" என்று சிந்துஜாவிடம் கேட்டேன்.

"ரோட்டு வழியாத்தான்."

ஷூ அடியில் ஜல்லித் தூசி. கழுவிக் காயப்போட்டேன்.

ஜூலை 18, வெள்ளி

மேடம் நோட்டைப் பார்த்தார். நாலு பக்கத்தையும் புரட்டிவிட்டு, "இதுல மாவு இருக்கு, தோசை இருக்கு, ரயில் இருக்கு. உங்க பிள்ளை எங்கம்மா இருக்கா?" என்று கேட்டார். எனக்கு முகம் சுருங்கிவிட்டது. ஜல்லி பற்றி எழுதின பக்கத்தை மட்டும் முந்தின நாளே பின் போட்டு மூடிவைத்திருந்தேன். அவர் பிரித்துப் பார்க்கவில்லை.

"கை எப்படி இருக்கு?"

"ஆறிட்டு மேடம்."

நோட்டை மூடித் திருப்பித் தந்தார்.

ஜூலை 19, சனி

மேடத்துக்குக் காட்ட வேறொரு நோட்டு வாங்கிவிட்டேன். இதை இனி யாரிடமும் காட்டப் போவதில்லை. அதனால் உள்ளதை எழுதலாம்.

ஜூன் பதினாலாம் தேதி சுடுதண்ணீரை என் கையில் ஊற்றியது சிந்துஜா. டிவியை அணைத்தேன் என்பதற்காக. கோபத்தில்கூட இல்லை. அடுப்பிலிருந்து செம்பை எடுத்து நிதானமாக வந்து ஊற்றினாள். நான் கத்தினேன். தோல் உரிந்து வருவதைக் குனிந்து பார்த்து, "உள்ள வெள்ளையா இருக்கு" என்றாள்.

ஆறு வயதில் பக்கத்து வீட்டுக் குழந்தையைத் தண்ணீர் டிரம்முக்குள் இறக்கிவிட்டு மூடியைப் போட்டு அதன்மேல் ஏறி உட்கார்ந்திருந்தாள். டிரம்மில் முழங்கால் அளவுதான் தண்ணீர், அதனால் குழந்தை பிழைத்தது. "சின்னப் பிள்ளைய்யா, வெளையாட்டுக்குச் செஞ்சிட்டு" என்று வீட்டுக்காரர் எல்லோரிடமும் கெஞ்சினார். அடுத்த மாதம் வீடு மாறினோம். அதற்குப் பிறகு இரண்டு முறை மாறினோம். தண்ணீர்க் கஷ்டம் என்று ஊரில் சொல்லிக்கொண்டோம்.

இதையெல்லாம் எழுதி முடித்துவிட்டுப் பார்த்தால் அவள் பாயில் உட்கார்ந்து பாடப் புத்தகத்துக்கு அட்டை போட்டுக்கொண்டிருக்கிறாள். பேப்பர் மடிப்பு அவ்வளவு நேர்த்தி.

ஆகஸ்ட் 6, புதன்

நாளை இன்ஸ்பெக்‌ஷன். அதற்காக மதியம் டெட்டனேட்டர் டப்பாவைத் திறந்தேன். லைனில் ஆபத்து என்றால் தண்டவாளத்தில் கட்டிவைக்கிற வெடிவில்லை அது. சக்கரம் ஏறினால் வெடிக்கும், டிரைவர் சத்தம் கேட்டு வண்டியை நிறுத்துவார். பத்து இருக்க வேண்டும். எட்டுதான் இருந்தது. டூட்டி மாறும்போது டப்பாவைத் திறக்காமலே பத்து என்று எழுதிக் கையெழுத்துப் போடுவது எனக்கும் செல்வினுக்கும் பழக்கம்.

நாலு மணிக்கு சிந்துஜா வந்தாள்.

"ரெண்டு கொறையுது. எங்கட்டி?"

"எட்டுதான இருக்கு, பத்துன்னு எதுக்கு எழுதியிருக்க?"

புத்தகப் பையைக் கொட்டினேன். கர்ச்சீப்பில் சுற்றி ஒன்று இருந்தது.

"இன்னொன்னு?"

"அனுசியா கேட்டா. குடுத்தேன்."

"என்னன்னு சொல்லிக் குடுத்த?"

"கல்ல வச்சுத் தட்டினா பாட்டு வரும்னேன்."

அந்த நிமிடம் போன் அடித்தது. பாசஞ்சர் கிளம்பிவிட்டது, கேட்டைப் பூட்ட வேண்டும். அனுசியா வீடு ஊருக்குள் ஒரு கிலோமீட்டர். கேட்டை விட்டுப் போக முடியாது. இரண்டு பக்கமும் வேன், டிராக்டர் என்று நின்றுகொண்டிருந்தன. பூட்டினேன். ஆறுமுகநயினார் அண்ணாச்சிக்கு செல்லில் அடித்தேன். எடுக்கவில்லை. மறுபடி அடித்தேன். மூன்றாவது முறை எடுத்தார். சொன்னேன். "சரி" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டார்.

வண்டி வரப் பதினோரு நிமிடம் ஆனது. பச்சைக் கொடியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ஊர்ப் பக்கம் ஏதாவது சத்தம் கேட்கிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன். சிந்துஜா பெஞ்சில் உட்கார்ந்து முறுக்கு தின்றாள். "இந்நேரம் அவ டியூசன் போயிருப்பா. தட்டியிருக்க மாட்டா" என்றாள், என்னைச் சமாதானப்படுத்துகிற மாதிரி.

ஐந்தேகாலுக்கு அண்ணாச்சி வந்தார். சட்டைப் பையிலிருந்து அந்த வில்லையை எடுத்து மேசைமேல் வைத்தார். அனுசியா அதை அவள் தம்பியிடம் காட்டிக்கொண்டு வாசலில் உட்கார்ந்திருந்தாளாம். கையில் கல்லும் இருந்ததாம்.

"இத எழுதணும்மா" என்றார்.

"அண்ணாச்சி..."

"எழுதாம விட்டா நாளைக்கு நமக்குத்தான் வெனை."

நான் அவர் காலைத் தொடப் போனேன். அவர் விலகிக்கொண்டார். "கொம்பையா மொகத்துக்காவ விடுதேன். இதான் கடைசி" என்று சொல்லிவிட்டு தன் பைக்கை எடுத்துக்கொண்டு போய்விட்டார். சிந்துஜாவை அவர் ஏறிட்டுக்கூடப் பார்க்கவில்லை.

டப்பாவில் இப்போது பத்து.

ஆகஸ்ட் 7, வியாழன்

இன்ஸ்பெக்‌ஷன் நல்லபடியாக முடிந்தது. கேட் சுத்தமாக இருக்கிறது என்று சார் எழுதிவிட்டுப் போனார்.

ஆகஸ்ட் 18, திங்கள்

லீவு போட்டுவிட்டு பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனேன். மனநலப் பிரிவில் டாக்டர் முதலில் அவளிடம் தனியாக அரை மணி நேரம் பேசினார். பிறகு என்னிடம். தண்ணீர் ஊற்றியதைச் சொன்னேன். டிரம்மைச் சொன்னேன். வெடிவில்லையைச் சொல்லவில்லை.

"உங்களுக்கு அவளப் பாத்துப் பயமா இருக்காம்மா?"

"இல்ல சார். பெத்த பிள்ளைதான."

மாத்திரை ஒன்றும் எழுதவில்லை. பதினைந்து நாளைக்கு ஒரு முறை வரச் சொன்னார். தனியாக விடாதீர்கள், அவள் செய்வதை மூடிமறைக்காதீர்கள் என்றார்.

திரும்பும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் அவள்.

"டாக்டர் உன்ட்ட, பயமா இருக்கான்னு கேட்டாவளா?"

"ஆமா."

"இல்லன்னு சொன்னியா?"

"ஆமா."

சிரித்தாள். அழகாகச் சிரிப்பாள். "என்ட்டயும் கேட்டாவ, அம்மா ஒனக்குப் பயப்படுதாங்களான்னு. நான் ஆமான்னு சொல்லிட்டேன்" என்றாள்.

செப்டம்பர் 2, செவ்வாய்

இரண்டாம் தடவை ஆஸ்பத்திரி. பரவாயில்லை.

செப்டம்பர் 15, திங்கள்

பள்ளிக்கூடத்துக்கு எதிரில் டியூசன் சேர்த்துவிட்டேன். எட்டு மணிக்கு நானே போய்க் கூட்டி வருகிறேன். கேட் பக்கம் அவள் வருவதில்லை. வளைவில் கல் இல்லை.

செப்டம்பர் 24, புதன்

மூன்றாம் தடவை போக வேண்டிய நாள் போன வாரமே தாண்டிவிட்டது. எனக்குப் பதில் டூட்டி பார்க்க ரிலீவர் கிடைக்கவில்லை. அடுத்த தடவை போய்க்கொள்ளலாம். நன்றாகத்தான் இருக்கிறாள். காலாண்டுப் பரீட்சையில் கணக்கு முதல் மார்க். முருங்கைக்கீரை உருவிக் கொடுத்தாள்.

அக்டோபர் 7, செவ்வாய்

நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

நாலு இருபத்தெட்டு. ஸ்டேஷனிலிருந்து போன். கேட்டைப் பூட்டினேன். கொடியை எடுத்துக்கொண்டு வெளியே வந்தபோது வளைவில் நீலப் பாவாடை தெரிந்தது. குனிந்து ஏதோ செய்துகொண்டிருந்தது. டியூசனுக்கு அவள் போகவில்லை என்று அப்போதுதான் தெரிந்தது.

உள்ளே ஓடிப் போனை எடுத்தேன். "சார், லைன்ல ஏதோ கெடக்கு, வண்டிய நிப்பாட்டுங்க."

"கெளம்பி ரெண்டு நிமிசம் ஆச்சும்மா. டிரைவர வாக்கிடாக்கியில கூப்பிடுதேன், கெடைக்குமான்னு தெரியல. நீங்க கொடிய எடுத்துட்டு ஓடுங்க."

சிவப்புக் கொடியையும் டப்பாவையும் எடுத்துக்கொண்டு ஓடினேன். ஜல்லியில் ஓடுவது மணலில் ஓடுவதைவிட மோசம். செருப்பு ஒன்று கழன்றுவிட்டது.

இரண்டு தண்டவாளத்தைச் சேர்த்து முடுக்கும் கனமான இரும்புப் பட்டைகள் லைன் ஓரத்தில் பழசாகக் கிடக்கும். அதில் இரண்டைக் கொண்டுவந்து தண்டவாளத்தின்மேல் குறுக்காக வைத்து, அசையாமல் இருக்க இரண்டு பக்கமும் பெரிய கல்லை முட்டுக்கொடுத்திருந்தாள். பக்கத்தில் நின்று கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"ஏட்டி, எடு! எடுட்டி!"

"எதுக்கு? வண்டி இது மேல ஏறுமா, கீழ எறங்குமான்னு பாக்கணும்."

"உள்ள ஆள் இருக்குட்டி!"

"தெரியும்."

நான் ஒரு பட்டையை இழுத்துப் பார்த்தேன். கல் இறுகிப்போயிருந்தது. தண்டவாளம் முனக ஆரம்பித்துவிட்டது. இதை எடுத்துக்கொண்டிருந்தால் நேரம் போய்விடும் என்று விட்டுவிட்டு, வண்டி வரும் திசையில் மேலே ஓடினேன். முடிந்த தூரம் ஓடி மூன்று வில்லையைக் கட்டினேன். இன்னும் கொஞ்சம் ஓடி நடு லைனில் நின்று கொடியை ஆட்டினேன். என்ஜின் தெரிந்தது. ஹாரன். நான் நகரவில்லை. கடைசியில் எப்போது விலகினேன் என்று நினைவில்லை. வில்லைகள் வெடித்த சத்தம் கேட்டது, பிரேக் சத்தம் கேட்டது, அவ்வளவுதான்.

வண்டி நின்றபோது என்ஜினுக்கும் இரும்புக்கும் நடுவே நாற்பது அடி இருக்கும்.

டிரைவர் இறங்கி வந்தார். ஜனங்கள் ஒவ்வொருவராகக் கீழே குதித்தார்கள். கைக்குழந்தையோடு ஒரு பெண் வாசலில் நின்று என்ன, என்ன என்று கேட்டுக்கொண்டே இருந்தாள்.

"யாரும்மா வச்சது?" என்றார் டிரைவர்.

நான் மூச்சு வாங்கிக்கொண்டிருந்தேன். சிந்துஜா முன்னால் வந்தாள்.

"ஆட்டுக்காரங்க மாதிரி இருந்துச்சு அங்கிள். ஓடிட்டாவ. நான்தான் ஸ்கூல் விட்டு வரும்போது பாத்து அம்மாட்ட ஓடிப்போய்ச் சொன்னேன்."

டிரைவர் அவள் தலையில் கை வைத்தார். அழுதுவிட்டார். யாரோ அவளைத் தூக்கித் தோளில் உட்கார வைத்தார்கள். செல்போனில் படம் எடுத்தார்கள்.

"பிள்ள சொல்லித்தான் ஓடியாந்தீங்களா?" என்று டிரைவர் என்னிடம் திரும்பிக் கேட்டார். நான் ஆமாம் என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. குடிக்கத் தண்ணீர் கேட்டேன்.

பதிவேட்டில், "தண்டவாளத்தில் இரும்பு. வண்டி நிறுத்தப்பட்டது. 16.41" என்று எழுதினேன்.

அக்டோபர் 8, புதன்

பேப்பரில் அவள் படம். நானும் ஓரத்தில் இருக்கிறேன், வாயைத் திறந்துகொண்டு. பள்ளிக்கூடத்தில் பிரேயரில் கை தட்டினார்களாம். பதினேழாம் தேதி எனக்கும் அவளுக்கும் பாராட்டு விழா, பெரிய அதிகாரிகள் வருகிறார்கள் என்று ஸ்டேஷனிலிருந்து சொன்னார்கள்.

ஆறுமுகநயினார் அண்ணாச்சி கேட்டைத் தாண்டிப் போனார். தண்ணீர் கேட்கவில்லை.

அக்டோபர் 9, வியாழன்

ஓடைப் பக்கம் ஆடு மேய்க்கும் இசக்கிமுத்துவை ரயில்வே போலீஸ் நேற்றே பிடித்துப் போயிருக்கிறது. அவர் பெண்டாட்டி காலையில் கேட்டுக்கு வந்தாள். இடுப்பில் பிள்ளை.

"யக்கா, அவிய அன்னைக்கி ஆட்டையே அவுக்கல. காய்ச்சல்ல படுத்துக் கெடந்தாவ. அடிக்காவளாம்க்கா. ஒங்க பிள்ளதான பாத்துது? இவிய இல்லன்னு ஒரு வார்த்த வந்து சொல்லச் சொல்லுங்களேன்."

"சாயந்தரம் கேக்கேன்" என்றேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். சூடுபட்ட கை. இன்னும் தொட்டால் கூசும்.

அக்டோபர் 10, வெள்ளி

நேற்று கேட்கவில்லை. இன்று காலை சாப்பாடு வைக்கும்போது கேட்டேன்.

"இசக்கிமுத்துவப் பிடிச்சு வச்சிருக்காவ. தெரியுமா?"

"ஆமா. ஸ்கூல்ல சொன்னாவ."

"அவரு ஒன்னும் செய்யலல்லா."

"செய்யலன்னா விட்ருவாவ."

"அடிக்காவளாம்."

அவள் சட்னியைத் தொட்டுக்கொண்டாள். "இன்னொரு தோச."

"நீதான் வச்சன்னு போய்ச் சொல்லணும்ட்டி."

"நீயே சொல்லலையே. டிரைவர் ஒன்ட்டதான கேட்டாவ? சும்மாத்தான நின்ன."

தோசையைத் திருப்பிப் போட்டேன். கருகிவிட்டது. அதையே சாப்பிட்டுவிட்டுப் பையை மாட்டிக்கொண்டு போனாள். வாசலில் செருப்புப் போடும்போது, "விழாவுக்கு எனக்குப் புதுச் சுடிதார் வேணும். மஞ்சள்" என்றாள்.

நான் அவளை அடித்ததே இல்லை. அடித்திருந்தால் சரியாகியிருப்பாளா என்று சொந்தக்காரர்கள் பேசிக்கொள்வார்கள். எனக்குத் தெரியாது. அடிக்காமல் இருந்தது பாசத்தினாலா, பயத்தினாலா என்பதும் இன்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. ஒன்று தெரியும். ஏழு கல்லையும் ஓடையில் எறிந்தேனே, அன்று எழுதியிருந்தால் இசக்கிமுத்து இப்போது லாக்கப்பில் இருக்க மாட்டார்.

அக்டோபர் 11, சனி

ரிலீவரைக் கேட்டு வாங்கினேன். சிந்துஜாவை அழைத்துக்கொண்டு, இந்த நோட்டையும் எடுத்துக்கொண்டு கிளம்பினேன். துணி எடுக்கத்தான் போகிறோம் என்று அவள் நினைத்திருக்கலாம். நான் அப்படிச் சொல்லவில்லை. எங்கே என்று அவள் கேட்கவும் இல்லை.

பஸ் ஸ்டாப்பில் ஆறுமுகநயினார் அண்ணாச்சி நின்றார். அவரை ஓரமாகக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னேன். "வெடிவில்லை விஷயத்துல ஒங்க பேர நான் சொல்ல மாட்டேன் அண்ணாச்சி."

"கையில இருக்க நோட்டுல எழுதியிருக்கியாம்மா?"

"எழுதியிருக்கேன்."

"அப்ப இருக்கட்டும்" என்று அவரும் பஸ்ஸில் ஏறினார்.

ரயில்வே போலீஸ் இன்ஸ்பெக்டர் முதலில் எழுந்து நின்று வணக்கம் சொன்னார். டீ சொல்லி அனுப்பினார். நான் உட்காரவில்லை. "சார், இரும்ப வச்சது என் மக. இசக்கிமுத்து இல்ல. அன்னைக்கே நான் சொல்லியிருக்கணும், சொல்லல" என்றேன். நோட்டை மேசைமேல் வைத்தேன். பின் போட்டு மூடின பக்கத்தை நானே பிரித்துவிட்டேன்.

அவர் நின்றபடியே படித்தார். பிறகு உட்கார்ந்து படித்தார். டீ ஆறிவிட்டது.

"இது நீங்க எழுதுனதா? பெத்த பிள்ளையப் பத்தி?"

"ஆமா சார்."

சிந்துஜாவிடம் திரும்பினார். "அம்மா சொல்றது நெசமா பாப்பா?"

அவள் என்னைத்தான் பார்த்தாள். அவள் முகத்தில் அப்படி ஒன்றை நான் பார்த்ததே இல்லை. கோபம் இல்லை. கணக்கில் ஒரு விடை தப்பாக வந்துவிட்ட மாதிரி. "அம்மா சொல்ல மாட்டான்னுல்லா நெனச்சேன்" என்றாள்.

நவம்பர் 3, திங்கள்

நோட்டை ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு இன்று திருப்பித் தந்தார்கள். அக்டோபர் பதினொன்றில் நடந்ததையும் இன்றுதான் எழுதினேன். இடையில் நடந்தவை:

இசக்கிமுத்துவை அன்று மாலையே விட்டுவிட்டார்கள். நொண்டிக்கொண்டு போனார். அவர் வீட்டுக்குப் போனேன். பெண்டாட்டி வாசலுக்கு வரவில்லை. அவர் மட்டும் வந்து, "மூணு நாளு" என்றார். அரை மணி நேரம் நின்றுவிட்டு வந்தேன்.

என்னை சஸ்பெண்ட் செய்திருக்கிறார்கள். ஆறுமுகநயினார் அண்ணாச்சிக்கு மெமோ. செல்வினுக்கும். விசாரணை நடக்கிறது.

எங்கள் அண்ணன் போனில், "பெத்த தாய் செய்யுற வேலையா இது? பொம்பளப் பிள்ளை வாழ்க்கைய முடிச்சிட்டியே" என்று கத்தினான். நாற்பது அடி என்று சொன்னேன். அவனுக்குப் புரியவில்லை.

சிந்துஜா, வழக்கு முடியும்வரை பெண் பிள்ளைகளை வைத்திருக்கும் கூர்நோக்கு இல்லத்தில் இருக்கிறாள். முதல் வாரம் என்னைப் பார்க்க மறுத்துவிட்டாள். இரண்டாம் வாரம் பார்த்தாள், பேசவில்லை. கண்காணிப்பாளரம்மா, "ரொம்ப நல்ல பிள்ளைங்க. சின்னப் பிள்ளைங்களுக்குக் கணக்குச் சொல்லிக் குடுக்கா" என்றார். "சின்னப் பிள்ளைகளோட அவளத் தனியா விடாதீங்க மேடம்" என்றேன். சிந்துஜா பக்கத்தில் இருந்தாள். அவள் காதுபடத்தான் சொன்னேன். கண்காணிப்பாளரம்மாவுக்கு என்னைப் பிடிக்காமல் போய்விட்டது.

நவம்பர் 26, புதன்

சிறுவர் வழக்குகளைப் பார்க்கும் இளஞ்சிறார் நீதிக் குழுமத்தில் விசாரணை. கோர்ட் மாதிரி இல்லை, சாதாரண அறைதான். மேஜிஸ்திரேட் மேடமும் இன்னும் இரண்டு பேரும். பெரிய ஆஸ்பத்திரி டாக்டரின் அறிக்கையைப் படித்தார்கள். நீண்ட நாள் சிகிச்சை வேண்டும் என்று இருந்தது.

மேஜிஸ்திரேட் மேடம் கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தார். "தாயார் பொறுப்புல அனுப்பி வைக்க சட்டத்துல இடம் இருக்கும்மா. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறீங்களா?"

எல்லோரும் நான் அழுதுகொண்டே சரி என்று சொல்வேன் என்று எதிர்பார்த்தார்கள். சிந்துஜாவும். எழுந்து நிற்கத் தயாராகப் பையை மடியில் வைத்திருந்தாள்.

"இப்ப முடியாது மேடம்" என்றேன்.

"ஏம்மா?"

"என்னால அவளத் தடுக்க முடியல. ஏழு வருசமா நான் செஞ்சதெல்லாம் மறைச்சதுதான். அங்க டாக்டர் வாராவ, ஆள் இருக்காவ. அவளும் யாரையும் ஒன்னும் செய்யாம இருக்கணும், அவளுக்கும் ஒன்னும் ஆகக் கூடாது. என் வீட்ல ரெண்டும் நடக்காது. ஆனா நான் விட்டுட்டுப் போகல மேடம். இல்லத்துக்குப் பின்னால தெருவுல வீடு பாத்திருக்கேன். வாரத்துல என்னைக்கெல்லாம் விடுவாவளோ அன்னைக்கெல்லாம் வருவேன்."

மேடம் எழுதிக்கொண்டார். வெகுநேரம் எழுதினார்.

வெளியே தாழ்வாரத்தில் கூட்டிப் போகும்போது சிந்துஜா என் பக்கத்தில் ஒரு நொடி நின்றாள். அழுவாள் என்று நினைத்தேன். அழவில்லை. பெண் போலீஸ் கையைப் பிடித்தார். நான் அவள் பையின் வாரைச் சரிசெய்துவிட்டேன். அவள் என் கையை விலக்கவில்லை.

"எனக்கு ஒன்னப் பிடிக்கல" என்றாள்.

"சரி. புதன்கிழமை வருவேன்."

நவம்பர் 30, ஞாயிறு

வீடு மாறியாகிவிட்டது. வீட்டுக்காரம்மா ஏன் இங்கே வந்தீர்கள் என்று கேட்டார். மகள் பக்கத்து இல்லத்தில் இருக்கிறாள் என்று சொன்னேன். எதற்காக என்றார். அதையும் சொன்னேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டுச் சாவியைக் கொடுத்தார்.

டிசம்பர் 3, புதன்

போனேன். எதிரெதிரே பெஞ்சில் ஒரு மணி நேரம். நான் பேசியதற்கு ஒரு பதிலும் இல்லை. விருப்பம் இல்லை என்றால் பத்து நிமிடத்திலேயே உள்ளே போய்விடலாம் என்று இல்லத்து ஆயா அவளிடம் இரண்டு முறை சொன்னாள்.

கடைசி மணி அடிக்கும்வரை சிந்துஜா எழுந்து போகவில்லை.